டெல்லி கணேஷ்: பக்கவாத்தியக்காரரின் நடிப்பு

டெல்லி கணேஷ் (ஆகஸ்ட் 1, 1944 – நவம்பர் 9, 2024) தமிழ் மேடை நாடகங்களிலும் திரைப்படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்த குணச்சித்திர நடிகர். 400-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர். தமிழக அரசின் கலைமாமணி விருது பெற்றவர். கதாநாயகனின் தகப்பன், மாமனார், சமையற்காரர், காரியதரிசி, மிருதங்க வித்வான், தாதாவின் கையாள் என்று இன்னொருவரைச் சார்ந்து நிற்கும் மனிதர்களையே பெரும்பாலும் நடித்தார்.

அவரைப் பற்றிப் பேசுபவர்கள் இரண்டு விஷயங்களைத் தவறாமல் சொல்வார்கள். ஒன்று, எந்த வேடம் கொடுத்தாலும் அதில் "வாழ்ந்துவிடுவார்" என்பது. மற்றது, ஐயர் வேடமென்றால் அவர்தான் என்பது. இரண்டும் பாராட்டாகச் சொல்லப்பட்டவைதாம். ஆனால் இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் அவர் தாமாகவே வந்து நின்றார், தமக்குத் தெரிந்த பேச்சைப் பேசிவிட்டுப் போனார் என்ற பொருள் வந்துவிடுகிறது. அவர் செய்த வேலைக்கு அது நியாயமில்லை. அவருடைய முக்கியமான படங்கள் சிலவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால் இது விளங்கும்.

விமானப்படையும் நாடக மேடையும்

இன்றைய தூத்துக்குடி மாவட்டத்திலுள்ள வல்லநாட்டில் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணிபுரிந்தார். டெல்லியில் இருந்த காலத்தில் அங்குள்ள தமிழர்களின் நாடக அமைப்பான தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பணியை விட்டுச் சென்னைக்கு வந்தபின் காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நடித்தார். விசுவின் நாடகத்தைத் தழுவி கே. பாலசந்தர் இயக்கிய 'பட்டினப் பிரவேசம்' (1977) அவருக்கு முதல் படம். பெயருக்கு முன்னால் 'டெல்லி'யைச் சேர்த்தவர் பாலசந்தர். நெல்லைச் சீமைக்காரர் ஒருவர் ஆயுள் முழுவதும் டெல்லிக்காரராக அறியப்பட்டது இப்படித்தான்.

டெல்லித் தமிழர் வட்டாரத்திலிருந்து திரைக்கு வந்த இன்னொருவர் பூர்ணம் விஸ்வநாதன். அங்கே அகில இந்திய வானொலியில் செய்தி வாசித்தவர். இருவருக்கும் ஒரு பொதுக் குணம் உண்டு. சொல்லைத் தெளிவாக, வால் அறுபடாமல் உச்சரிப்பார்கள். ஒலிபெருக்கி சரியாக இல்லாத அரங்கில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகிய நாக்கு அது. பூர்ணம் அந்தக் கம்பீரத்தைத் திரையிலும் விடவில்லை. கணேஷ் விட்டார். கேமராவும் மைக்கும் பக்கத்தில் இருக்கின்றன, கத்த வேண்டியதில்லை என்பதைச் சீக்கிரமே புரிந்துகொண்டார். நாடகத்திலிருந்து வந்த பலருக்குக் கடைசிவரை கைகூடாத விஷயம் இது.

சபா நாடகம் அவருக்குக் கற்றுக்கொடுத்ததில் முக்கியமானது, மேடையில் மற்றவர் பேசும்போது என்ன செய்வது என்பது. பள்ளி ஆண்டுவிழாவுக்கு நாடகம் பழக்கியவர்களுக்கு இது தெரிந்திருக்கும். ராஜா வேடம் போட்ட பையன் வசனம் பேசும்போது சேவகன் வேடம் போட்ட பையன் கூட்டத்தில் தன் அம்மாவைத் தேடிக்கொண்டிருப்பான். பேசக் கற்றுக்கொடுக்கலாம், கேட்கக் கற்றுக்கொடுப்பதுதான் கஷ்டம். டெல்லி கணேஷ் கேட்கத் தெரிந்த நடிகர்.

'பசி' தந்த விருது

துரை இயக்கிய 'பசி' (1979) சென்னைக் குடிசைப் பகுதியில் நடக்கும் கதை. குப்பை பொறுக்கும் குப்பம்மாவாக நடித்த ஷோபாவுக்குச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது கிடைத்தது. அவளுடைய தகப்பனான ரிக்‌ஷாக்காரராக நடித்த டெல்லி கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது.

திரைக்கு வந்து இரண்டு, மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன. வல்லநாட்டுப் பேச்சும் டெல்லி நாடக மேடைப் பேச்சும் பழகிய ஒருவர் இதில் சென்னைக் குப்பத்துப் பாஷை பேச வேண்டியிருந்தது. அந்தப் பாஷையை அதுவரை தமிழ்ப்படம் பெரும்பாலும் சிரிப்பு மூட்டவே வைத்திருந்தது. சந்திரபாபுவும் சோவும் தேங்காய் சீனிவாசனும் அதைக் கொண்டு நம்மைச் சிரிக்க வைத்தவர்கள். 'பசி'யில் அதே பேச்சைக் கொண்டு ஒரு தகப்பன் கோபப்பட வேண்டும், மகளுக்கு நேர்ந்ததை அறிந்து உடைய வேண்டும். பார்ப்பவர் சிரித்துவிட்டால் படம் போயிற்று. யாரும் சிரிக்கவில்லை.

அரசாங்கமே கவனித்துப் பரிசு கொடுத்த பிறகும் தமிழ்த் திரையுலகம் அந்தக் கதவை அதன்பின் அவருக்கு அதிகம் திறக்கவில்லை. ரிக்‌ஷாக்காரரை அத்தனை நம்பும்படி நடித்தவருக்கு விவசாயி, நெசவாளி, மில் தொழிலாளி வேடங்கள் வரிசையாக வந்திருக்க வேண்டும். வந்தவற்றில் பெரும்பகுதி பஞ்சகச்சமும் விபூதியும். நடிகரின் சொந்தச் சாதியைப் பார்த்து வேடம் கொடுக்கும் வழக்கம் நம் திரையில் பழையது. அதனால் நஷ்டப்பட்டது அவர் மட்டுமல்ல, 'பசி'யைப் போல இன்னும் பத்துப் படங்களைப் பார்த்திருக்கக்கூடிய நாமும்தான்.

மூன்று ஐயர்கள்

இனி அந்த ஐயர் வேடங்களுக்கே வருவோம். மணிரத்னத்தின் 'நாயகன்' (1987), சிங்கீதம் சீனிவாசராவின் 'மைக்கேல் மதன காமராஜன்' (1990), கே.எஸ். ரவிகுமாரின் 'அவ்வை சண்முகி' (1996) ஆகிய மூன்றிலும் நாயகன் கமல்ஹாசன். மூன்றிலும் டெல்லி கணேஷ் நடித்த பாத்திரத்தின் பெயரில் 'ஐயர்' உண்டு. ஒரே நடிகர், ஒரே அடையாளம், பத்து வருட இடைவெளிக்குள் வந்த படங்கள். ஒப்பிட்டுப் பார்க்க இதைவிட வசதி கிடைக்காது.

'நாயகன்' ஐயர் பம்பாய் தாராவியில் வேலு நாயக்கரின் கூடவே இருப்பவர். நாயக்கருக்கு இந்தி வராது. அவருக்காக இந்தி பேசுவது ஐயர்தான். மொழிபெயர்ப்பாளன் வேலை ஒரு விசித்திரமான வேலை. சொல்லப்படும் மிரட்டல் அவனுடையதல்ல, ஆனால் அவன் வாயிலிருந்துதான் வர வேண்டும். டெல்லி கணேஷ் இதைக் குமாஸ்தா கோப்பை நகர்த்துவதுபோலச் செய்தார். குரலில் தாதாவின் கோபம் இல்லை, கையாளின் பெருமிதமும் இல்லை. படித்தவர் என்பது தெரிகிறது. இந்த இடத்தில் ஏன் இருக்கிறார் என்பது சொல்லப்படவில்லை. சொல்லப்படாதது நல்லதாயிற்று. ஜனகராஜ் நடித்த செல்வம் நட்பினால் நாயக்கருடன் இருப்பவன் என்பது நமக்குத் தெரியும். ஐயரின் விசுவாசத்துக்குக் காரணம் எதையும் படம் தரவில்லை, நடிகர்தான் தர வேண்டியிருந்தது. போலீசிடம் அடிபட்டு உடம்பெல்லாம் கட்டுடன் அவர் மருத்துவமனையில் கிடக்கும் காட்சியில் அது வெளிப்படுகிறது. அசையவே முடியாத நிலையில் நடிகருக்கு மிஞ்சியது குரல் ஒன்றுதான். காட்டிக்கொடுக்கவில்லை என்பதை வீரமாகச் சொல்லாமல், கொடுத்த வேலையைச் செய்து முடித்ததாகத் தகவல் சொல்வதுபோலச் சொல்கிறார். அதனால்தான் அந்தக் காட்சி நெஞ்சில் தைக்கிறது.

'மைக்கேல் மதன காமராஜன்' படத்தின் பாலக்காட்டு மணி ஐயர் வேறு உலகம். நாலு குழந்தைகளில் ஒன்றைக் கோயிலில் கண்டெடுத்துக் காமேஸ்வரனாக வளர்த்த சமையற்காரர். இவர் பேசுவது மலையாள ராகம் ஏறிய பாலக்காட்டுத் தமிழ். நெல்லைச் சீமைப் பிராமணப் பேச்சுக்கும் இதற்கும் ஏறத்தாழ நெல்லைக்கும் பாலக்காட்டுக்கும் உள்ள தூரம் உண்டு. ஏற்றமும் இழுப்பும் வேறு. "அவர் வீட்டில் பேசியதையே பேசினார்" என்பவர்கள் காதைத் தீட்டிக்கொண்டு இந்தப் படத்தையும் 'நாயக'னையும் அடுத்தடுத்துக் கேட்க வேண்டும்.

கிரேசி மோகனின் நகைச்சுவை ஒரு சொல்லை ஒருவர் ஒரு பொருளில் சொல்ல, மற்றவர் வேறு பொருளில் எடுத்துக்கொள்வதில் நிற்கிறது. இதில் ஒரு சூட்சுமம் உண்டு. தவறாக எடுத்துக்கொள்பவர் தாம் வேடிக்கை செய்கிறோம் என்று துளி காட்டினாலும் நகைச்சுவை செத்துவிடும். மணி ஐயர் ஓர் இடத்தில்கூடச் சிரிக்க வைக்க முயலவில்லை. கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்துவிட்ட காட்சியில் அவருக்கு அது சிரிப்பே அல்ல. ஆயுள் முழுக்கச் சேர்த்த பெயர் ஒரு பந்தியில் போகப்போகிறது. அந்த உண்மையான பீதி இருப்பதால்தான் நாம் வயிறு வலிக்கச் சிரிக்கிறோம். கமலின் காமேஸ்வரன் தயங்கித் தயங்கிப் பேசுபவன். அவன் தயங்கும் இடைவெளியை நிரப்பாமல், அதே சமயம் காட்சி தொய்யாமல் பார்த்துக்கொள்ள ஒருவர் தேவைப்பட்டது. சபா மேடையில் கைதட்டலுக்கும் சிரிப்புக்கும் எத்தனை நொடி விடுவது என்று பழகியவருக்கு அந்தக் கணக்கு கையில் இருந்தது.

'அவ்வை சண்முகி'யின் சேதுராம ஐயர் ஜெமினி கணேசன் நடித்த விஸ்வநாத ஐயரின் காரியதரிசி. முதலாளி வீட்டில் முதலாளிக்கு அடுத்தபடி தாமே என்று நினைப்பவர். வேலைக்காரியிடம் சபலம் உள்ளவர். 'நாயகன்' ஐயரின் விசுவாசமும் மணி ஐயரின் வெள்ளை மனதும் இவரிடம் இல்லை. முதுகு முதலாளிக்கு முன்னால் ஒரு மாதிரியும் மற்றவர்களுக்கு முன்னால் வேறு மாதிரியும் வளைகிறது. மூன்றிலும் சிறிய வேடம் இதுதான், என்றாலும் இப்படிப்பட்ட மனிதரை அலுவலகத்திலோ கோயில் நிர்வாகத்திலோ பார்த்திராதவர் குறைவு.

மூவரையும் வேறுபடுத்துவது நாமமோ குடுமியோ அல்ல, ஒவ்வொருவரும் தம் எஜமானனோடு எப்படி நிற்கிறார் என்பது. டெல்லி கணேஷ் ஒரு பாத்திரத்தை அதன் சாதியிலிருந்து கட்டவில்லை, அது யாருக்குக் கீழே வேலை செய்கிறது என்பதிலிருந்து கட்டினார். இதுவே அவருடைய முறை என்று கருதுகிறேன். தமிழ் இலக்கணத்தில் துணைவினை என்று ஒன்று உண்டு. 'வந்துவிட்டான்', 'வந்திருக்கிறான்', 'வந்துதொலைத்தான்' மூன்றிலும் வருவது ஒன்றுதான். பேசுகிறவனின் மனம் ஒட்டியிருக்கும் சின்ன வினையில்தான் தெரிகிறது. துணை நடிகரை வெறும் துணை என்று நினைப்பவர்களுக்கு இதை எடுத்துக்காட்டாகச் சொல்லலாம்.

'சிந்து பைரவி'யின் குருமூர்த்தி

மேற்சொன்ன முறை முழுமையாகத் தெரியும் படம் கே. பாலசந்தரின் 'சிந்து பைரவி' (1985). சிவகுமார் நடித்த ஜே.கே.பி. என்ற கர்நாடக இசைப் பாடகருக்கு மிருதங்கம் வாசிக்கும் குருமூர்த்தி. ஜனகராஜ் தம்பூராக் கலைஞர் கஜபதி. கஜபதிக்குப் பொய் சொல்லும் பழக்கம், குருமூர்த்திக்குக் குடிப்பழக்கம். சங்கீதத்தைத் தெய்வமாக நினைக்கும் ஜே.கே.பி. குடித்துவிட்டு வந்த குருமூர்த்தியைச் சகித்துக்கொள்வதில்லை. பின்னால் அதே ஜே.கே.பி. குடியில் விழுகிறார்.

படத்தைப் பார்த்தவர்கள் சுகாசினியின் சிந்துவைப் பற்றியும் சுலக்‌ஷணாவின் பைரவியைப் பற்றியும் இளையராஜாவின் இசையைப் பற்றியும் பேசுவார்கள். குருமூர்த்தியைப் பற்றி அதிகம் பேசுவதில்லை. ஆனால் ஜே.கே.பி.யின் சரிவை நாம் அளப்பது குருமூர்த்தியை வைத்துத்தான். ஆரம்பத்தில் கீழே நின்றவர் அசையாமல் அங்கேயே நிற்கிறார், மேலே இருந்தவர் அவரையும் தாண்டிக் கீழே போகிறார். இந்த இடத்தில் குருமூர்த்திக்கு ஒரு பழிவாங்கும் திருப்தி வந்திருக்கலாம். 'அன்று என்னைச் சொன்னீர்களே' என்று ஒரு பார்வை போதும். பல நடிகர்கள் அந்தப் பார்வையைக் கட்டாயம் பார்த்திருப்பார்கள், கைதட்டலும் விழுந்திருக்கும். டெல்லி கணேஷிடம் அது இல்லை. அவர் முகத்தில் இருப்பது வெட்கம். தமக்காகப் பட்ட வெட்கமல்ல, வித்வானுக்காகப் படும் வெட்கம். பக்கவாத்தியக்காரருக்குப் பாடகரின் சறுக்கல் தம் சறுக்கலே. கச்சேரி மேடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டவர்களுக்கு இந்த உணர்வு தெரியும்.

மறுபக்கத்தில் நின்றபோது

பாலசந்தரின் 'புன்னகை மன்னன்' (1986) படத்தில் நாயகன் சேதுவின் குடிகாரத் தகப்பன். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் நாகேஷ், ஜெய்சங்கர், நாசர் ஆகியோருடன் நால்வரில் ஒருவராக வரும் வில்லன் பிரான்சிஸ் அன்பரசு. 'தெனாலி'யில் (2000) இன்னொரு மருத்துவரின் பெயரைப் பார்த்துப் பொறாமைப்பட்டு, அவரைக் கெடுப்பதற்கென்றே தெனாலி என்ற நோயாளியை அனுப்பிவைக்கும் டாக்டர் பஞ்சபூதம்.

இவற்றுள் பஞ்சபூதம் தேறுகிறது. பொறாமை என்ற ஒரே சரக்கை வைத்துக்கொண்டு படம் நெடுக ஓட்டிச் செல்கிறார். அன்பரசு அப்படியல்ல. அவர் கெட்டவர் என்பதை நாம் நம்ப வேண்டியிருக்கிறது, அவர் நம்ப வைப்பதில்லை. அதே படத்தில் நாகேஷ் ஒரு பார்வையில் காட்டிவிடும் விஷம் டெல்லி கணேஷிடம் கிடையாது. அவருடைய கண்கள் கெஞ்சவும் சங்கடப்படவும் ஏற்றவை. எல்லா வேடத்துக்கும் பொருந்துவார் என்ற பாராட்டை இந்த அளவுக்குத் திருத்திக்கொள்ளலாம்.

சுரேஷ் கிருஷ்ணாவின் 'ஆஹா' (1997) படத்தில் நாயகியின் தகப்பனான சமையற்காரர். மணி ஐயருக்குப் பிறகு மீண்டும் கரண்டி. ஆனால் இந்த முறை சிரிப்புக்காக அல்ல. பெரிய இடத்துச் சம்பந்தத்தின் முன்னால் பெண்ணைப் பெற்றவர் எப்படி நிற்பார் என்பதுதான் இங்கே நடிப்பு.

குரல்

பாலசந்தரின் '47 நாட்கள்' (1981) படத்தில் நாயகனாக நடித்த சிரஞ்சீவிக்குத் தமிழில் குரல் கொடுத்தவர் டெல்லி கணேஷ். மனைவியை ஏமாற்றி அந்நிய நாட்டில் அடைத்து வைக்கும் கணவன் வேடம் அது. முகம் ஒருவருடையது, கொடுமை இன்னொருவர் குரலில். மேலே வில்லத்தனம் அவருக்குப் பொருந்தவில்லை என்று சொன்னேன். கண்கள் மறைந்துவிட்டால் குரல் மட்டும் அதைச் செய்யும் என்பதற்கு இந்தப் படம் சாட்சி.

சின்னத்திரை

தனியார் தொலைக்காட்சிகள் பெருகியபின் சன் டிவியின் 'கஸ்தூரி', 'செல்லமே' முதலிய தொடர்களில் நடித்தார். திரைப்படத்தில் பத்து நிமிடத்துக்குள் ஒரு மனிதரைக் காட்டிவிட்டு விலகத் தெரிந்தவருக்கு, ஆண்டுக்கணக்கில் அன்றாடம் வரவேற்பறைக்கு வர வேண்டிய தொடர் நடிப்பு வேறு வேலை. நெடுந்தொடரில் வசனம் ஒவ்வொன்றுக்கும் முகங்களை ஒவ்வொன்றாகக் காட்டுவார்கள். கேட்பவரின் முகம் அதிர்ச்சி அல்லது அழுகை என்று ஏதாவது ஒன்றைப் பெரிதாகக் காட்டியாக வேண்டும். டெல்லி கணேஷ் கேட்கும் விதம் சின்னச் சின்ன அசைவுகளால் ஆனது. அது இந்த முறைக்கு ஒத்துவராது. தொடர்களில் அவர் குறை வைக்காமல் நடித்தார், ஆனால் அவருடைய நுட்பத்துக்கு அங்கே இடமில்லை.

ஆனாலும் ஒன்றைச் சொல்ல வேண்டும். திரையரங்குக்குப் போவதை நிறுத்திவிட்ட எத்தனையோ வீடுகளில், குறிப்பாகப் பெண்களுக்கும் முதியவர்களுக்கும், அவர் தெரிந்த முகமாக நீடித்தது தொலைக்காட்சியால்தான்.

இணையத்துக்கும் வந்தார். 2015-இல் 'புட் சட்னி' யூடியூப் சேனல், பேட்மேன் சென்னைக்காரனாக இருந்தால் எப்படியிருக்கும் என்று வேடிக்கையாக ஒரு குறும்படம் எடுத்தது. அதில் பேட்மேனின் வீட்டுப் பணியாளர் ஆல்பிரட் வேடம் டெல்லி கணேஷுக்கு. எழுபது வயதில் தம் பேரன் வயதுப் பிள்ளைகளோடு நடித்தார். அங்கேயும் எஜமானனைக் கவனித்துக்கொள்ளும் மனிதர்தான். அந்தப் பிள்ளைகள் எதையும் யோசித்து அவரைத் தேடிப் போனார்களோ என்னவோ, தேர்வு மிகச் சரி.

கடைசி ஆண்டுகள்

'என்னுள் ஆயிரம்' (2016) என்ற படத்தைத் தம் மகன் மகா நாயகனாக நடிக்கத் தாமே தயாரித்தார். ஷங்கரின் 'இந்தியன் 2' (2024) வரை நடித்துக்கொண்டிருந்தார். சென்னையில் காலமானபோது விமானப்படையினர் வந்து முன்னாள் வீரருக்குரிய மரியாதை செய்தனர்.

பிற்காலப் படங்களில் பார்க்க வேண்டியது பி.எஸ். மித்ரனின் 'இரும்புத்திரை' (2018). ராணுவ அதிகாரியாக வரும் விஷாலின் தகப்பன் ரங்கசாமி. கடன் வாங்கிச் செலவு செய்பவர், அதனாலேயே மகனின் வெறுப்புக்கு ஆளானவர். பொறுப்பில்லாத தகப்பன் என்று பாத்திரத்தை எழுதிவிட்டால் நடிகருக்கு இரண்டு வழிகள்தாம் எளிதாகக் கிடைக்கும்: கோமாளியாவது, அல்லது கடைசியில் அழுது மன்னிப்புப் பெறுவது. டெல்லி கணேஷ் ரங்கசாமியை ஆசைப்பட்ட மனிதராக நடித்தார். கையில் பணம் வந்ததும் முகம் மலர்கிறது, மகன் உள்ளே வந்ததும் அந்த மலர்ச்சியைச் சட்டென்று மறைக்கப் பார்க்கிறது. சொந்த மகனுக்கு முன்னால் பணியாள்போல ஒதுங்கி நிற்கும் அந்தத் தகப்பனை விஷால் ரசிகர்கள் கூட்டத்தோடு உட்கார்ந்து பார்த்தவர்கள்கூட மறந்திருக்க மாட்டார்கள்.